வீட்டுச் சாவி உரிமையாளர் கையில்... உள்ளே இருந்த பீரோ யார் பொறுப்பில்?

வாடகை வீட்டைக் காலி செய்யச் சொல்லி நீதிமன்ற உத்தரவு. அமீனா வருகிறார், பூட்டு உடைகிறது, வீடு உரிமையாளர் வசம் போகிறது. அதோடு வழக்கு முடிந்தது. சரி, உள்ளே இருந்த பீரோ, ஃபிரிட்ஜ், பிள்ளைகளோட சர்டிஃபிகேட், கல்யாண ஆல்பம்? அதெல்லாம் இப்போ யார்கிட்ட இருக்கு?

கடலூர் மாவட்டம் லால்பேட்டையை எடுத்துக்கொள்ளுங்கள். வளைகுடா நாடுகளில் வேலை பார்ப்பவர்கள் நிறைய உள்ள ஊர். குடும்பமும் கூடப் போய்விட்டால் வீடு பூட்டிக் கிடக்கும். அந்த நேரத்தில் காட்டுமன்னார்கோயிலிலோ சிதம்பரத்திலோ வாங்கிய உத்தரவு நிறைவேற்றப்பட்டால் என்ன ஆகும்? சாமான்கள் பக்கத்து வீட்டுத் திண்ணைக்கோ, தெரிந்தவர் குடோனுக்கோ போகும். ஆறு மாதம் கழித்து வந்து கேட்டால், "இவ்வளவுதாங்க இருந்துச்சு" என்பார்கள். பட்டியல் இல்லை என்றால், இல்லை என்று மறுக்கக்கூட ஆதாரம் கிடையாது.

என் கருத்து இதுதான்: வீட்டை ஒப்படைக்கும் நீதிமன்றம், சாமான் உரியவர் கைக்குப் போகும்வரை கோப்பை மூடக்கூடாது.

சட்டத்தில் ஓட்டை எங்கே?

1908-ம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டம், கட்டளை 21, விதி 35. வீட்டை ஒப்படைப்பது எப்படி என்று சொல்வது இதுதான். முன்னெச்சரிக்கை தர வேண்டும், வெளியே வராத வழக்கமுள்ள பெண்கள் விலகிச் செல்ல வழிவிட வேண்டும், தேவைப்பட்டால் பூட்டை உடைக்கலாம் என்பதுவரை அதில் இருக்கிறது. உள்ளே கிடக்கும் பொருளை என்ன செய்வது என்று அந்த விதி சொல்லவில்லை.

அதே கட்டளையில் விதி 43-ஐப் பாருங்கள். கடனுக்காகப் பொருளை ஜப்தி செய்தால், அதைப் பத்திரமாக வைத்திருக்கும் பொறுப்பு ஜப்தி செய்த அதிகாரிக்கு. வங்கிகளுக்கான சர்ஃபாசி சட்டத்தின் 2002 விதிகள் இன்னும் தெளிவு. அடமானமாக உள்ள அசையும் பொருளைக் கைப்பற்றும்போது இரண்டு சாட்சிகள் முன்னிலையில் மகஜர், பொருள் பட்டியல், கடன் வாங்கியவருக்கு அதன் நகல். வேறொருவரிடம் கொடுத்து வைத்தாலும், சொந்தப் பொருள் போல அவர் பார்த்துக்கொள்ள வேண்டும்.

ஆக, பாக்கிக்காக எடுத்த பொருளுக்குக் காவல் உண்டு. எந்தப் பாக்கிக்கும் சம்பந்தமில்லாத சாமானுக்கு இல்லை! இத்தனைக்கும் துணிமணி, சமையல் பாத்திரம், படுக்கை, தொழிலாளியின் கருவிகள், மத வழக்கப்படி பெண் கழற்றக்கூடாத நகை ஆகியவற்றை ஜப்தியே செய்யக்கூடாது என்கிறது அதே சட்டத்தின் பிரிவு 60. கடன்காரர் தொட முடியாத பானை, காலி செய்யும் நாளில் தெருவுக்கு வந்துவிடுகிறது.

'பொருள் என்னிடம் இருக்கு' என்பவருக்கு என்ன கடமை?

வைத்துக்கொள்ள ஒப்புக்கொண்டவர், சாதாரண விவேகமுள்ள ஒருவர் தன் பொருளைப் பார்த்துக்கொள்வது போலப் பார்த்துக்கொள்ள வேண்டும். 1872-ம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் பிரிவு 151 சொல்வது இது. நேர்மையில்லாமல் தனதாக்கிக்கொண்டால் அது நம்பிக்கை மோசடி; பாரதிய நியாய சன்ஹிதாவின் பிரிவு 316 பாயும். திருப்பிக் கேட்டு அவர் மறுத்தால், மறுத்த நாளிலிருந்து 3 ஆண்டுக்குள் வழக்குப் போடலாம்.

ஆனால் இதெல்லாம் பொருள் போன பிறகு ஓடும் ஓட்டம். போகாமல் தடுக்க நீதிமன்றத்துக்கு இப்போதே அதிகாரம் இருக்கிறது. வழக்கறிஞர் ஆணையரை அனுப்பலாம். கட்டளை 40-ன்படி ரிசீவர் நியமித்துக் கணக்குக் கேட்கலாம். பிரிவு 151-ன் உள்ளார்ந்த அதிகாரமும் உண்டு. சிக்கல் என்னவென்றால், யாராவது கேட்க வேண்டும். வெளியேற்றப்படும் அன்று, வக்கீலுக்கு போன் போடக்கூட நேரமில்லாதவர் எங்கே போய்க் கேட்பார்?

வீட்டு உரிமையாளரின் நியாயம்

"வருஷக்கணக்கா கேஸ் நடத்தி வீட்டை வாங்கியிருக்கேன். அவங்க கட்டிலுக்கும் நான்தான் காவலா?" நியாயமான கேள்வி. நான் கேட்பதும் அதற்கான விடுதலையைத்தான். பட்டியல் இருந்தால், 'நகை காணோம்' என்று நாளை வரும் பொய்ப் புகாரிலிருந்து அவருக்கும் பாதுகாப்பு. நல்லெண்ணத்தில் இடம் கொடுத்த பக்கத்து வீட்டுக்காரருக்கும்தான்.

தேவை நான்கு வரிகள். வீடியோவோடு பொருள் பட்டியல். பொறுப்பாளர் ஒருவர் பெயர். எடுத்துச்செல்ல ஒரு கெடு, அதுவரை குடோன் செலவு யாருடையது என்ற தெளிவு. கடைசியாக, ஒப்படைத்ததாக நீதிமன்றத்துக்கு ஓர் அறிக்கை. ஒவ்வொரு உத்தரவிலும், யாரும் கேட்காமலே இது இருக்க வேண்டும்.

அதுவரை, காலி செய்யும் வழக்கு உங்கள் வீட்டில் நடந்தால் மூன்று விஷயம் செய்யுங்கள். பொருட்களை இப்போதே போட்டோ எடுத்து வையுங்கள். பட்டியல் எடுக்க உத்தரவிடச் சொல்லி முன்கூட்டியே மனு போடுங்கள். யாரிடமாவது பொருள் இருந்தால், வாய்வார்த்தையில் விடாமல் பதிவுத் தபாலில் திருப்பிக் கேளுங்கள்.

வழக்கில் தோற்றவர் இழக்க வேண்டியது வீட்டை மட்டும்தான். அவர் பிள்ளையின் மார்க்‌ஷீட்டையும் சேர்த்து இழக்கும்படி எந்த நீதிபதியும் தீர்ப்பு எழுதவில்லை.