இறாலைக் கடைசியில் போடுங்கள்!

வெளிநாட்டுச் சமையல்னா பெரிய வித்தை என்று நினைக்கிறோம். என் கருத்து வேறு. அமெரிக்காவில், லூசியானா மாநிலத்து நியூ ஆர்லியன்ஸ் நகர வீடுகளில் செய்கிற 'கிரியோல் இறால்' நம்மாலும் முடியும், பையன்களாலும் முடியும்! பிரெஞ்சு, ஸ்பானிய, ஆப்பிரிக்க மக்களின் கைப்பக்குவம் கலந்த சமையல் அது. வெங்காயம், குடைமிளகாய், செலரி மூன்றையும் அங்கே 'புனித மும்மை' என்பார்கள். இவற்றை வதக்கி, பூண்டு, தக்காளி, மிளகாய்த்தூள் சேர்த்து 20 நிமிடம் கொதிக்க விடணும். இறால் கடைசியில்தான். நிறம் மாறிச் சுருள 4 நிமிடம் போதும். உடனே இறக்கிச் சோற்றோடு சாப்பிடணும்.

முதல் தடவை நான் இறாலையும் தக்காளியோடயே போட்டுட்டேன். அப்பா மாசத்துக்கு ஒரு தடவை வாங்குற அரைக்கிலோ, ரப்பரா ஆயிடுச்சு. அம்மா ஒண்ணும் சொல்லாம மென்னாங்க. திட்டியிருந்தாக்கூட பரவாயில்லை!

போன ஞாயிறு மறுபடி செய்தேன். செலரி கிடைக்கலை, கொத்தமல்லித் தண்டு போட்டேன் (அதே ருசின்னு சொல்ல மாட்டேன்). "ஆம்பளைப் பையனுக்கு அடுப்படியில என்ன வேலை?" என்றார் பாட்டி. அம்மா முதல் ஆளா உட்கார்ந்து சாப்பிட்டதை அன்னிக்குத்தான் பார்த்தேன். பாட்டியும் ரெண்டாம் தடவை சோறு கேட்டாங்க.

– 9ஆம் வகுப்பு மாணவன்