ஏழு வயதில் வேலைக்குப் போன ரொறன்ரோப் பிள்ளை

சிக்கிட்ஸில் மகளுக்குக் கண் காட்டிவிட்டு வெளியே வரேக்க, யூனிவேர்சிற்றி அவெனியூ ஓரத்தில் இருந்த நினைவுப் பலகையைக் காட்டி, "இவா ஆர் அம்மா?" எண்டாள். எத்தனையோ தரம் கடந்து போன இடம். அண்டைக்குத்தான் நிண்டு வாசிச்சன்.

மேரி பிக்போர்ட். சொந்தப் பெயர் கிளாடிஸ் ஸ்மித். 1892இல் பிறந்த வீடு, இப்ப ஆஸ்பத்திரி நிற்கிற இடத்தில்தான் இருந்தது. 1898இல் தகப்பன் இறந்துபோனார். தாய் மூன்று பிள்ளைகளோட தையல் வேலை செய்து, அறைகளையும் வாடகைக்கு விட்டிருக்கிறா. வாடகைக்கு வந்தவர்களில் ஒருவர் நாடகக் கொம்பனிக்காரர். அப்படித்தான் 1900இல் பிரின்சஸ் தியேட்டர் மேடையில் இந்தப் பிள்ளை ஏறியது. வயது ஏழு. அதுக்குப் பிறகு குடும்பத்துக்கு உழைச்சது பெரும்பாலும் இந்தப் பிள்ளைதான்.

1909இல் இயக்குநர் கிரிஃபித் நாளுக்கு 5 டொலர் தாறன் எண்டார். 17 வயதுப் பெட்டை, 10 வேணும் எண்டு நிண்டு வாங்கினா! 1919இல் சாப்ளின், ஃபெயர்பாங்ஸ், கிரிஃபித்தோட சேர்ந்து யுனைடட் ஆர்ட்டிஸ்ட்ஸ் தொடங்கினதும் இவாதான்.

ஆனால் திரையில் சனம் இவாவைச் சுருள்முடிச் சின்னப் பிள்ளையாகவே கேட்டது. 33 வயதிலும் பன்னிரண்டு வயதுப் பிள்ளையாக நடிச்சா. 1928இல் முடியை வெட்டினது பத்திரிகைச் செய்தியாகப் போச்சு. அடுத்து வந்த பேசும் படம் 'கொக்கெட்' ஒஸ்கார் வாங்கித் தந்தாலும், 1933உடன் நடிப்பு முடிஞ்சுது. பிள்ளையாய் இருக்க வேண்டிய வயதில் உழைப்பு, வளர்ந்த பிறகு பிள்ளை வேசம்.

இதைச் சுருக்கிச் சொன்னன். மகள் கேட்டது ஒண்டுதான்: "அப்ப அவா எப்ப விளையாடினவா?"

எனக்கு உடனே மறுமொழி வரேல்லை. எட்டு வயதில் ஸ்கார்பரோவில் அம்மாவோட பாங்குக்குப் போய் மொழிபெயர்த்த பிள்ளை நான். "பெரிய மனிசி மாதிரி" எண்டு எல்லாரும் மெச்சுவினம். பெருமையாத்தான் இருந்தது, பொய் சொல்லேல்லை. காசு காணாது எண்டு பாங்குக்காரர் சொன்னதை அம்மாவுக்கு எப்படிச் சொல்லுறது எண்டு முழுசினதும் ஞாபகம்.

அண்டு பின்னேரம் அம்மா ஒரு காப்புறுதிக் கடிதத்தை மகளிட்ட நீட்டி, "ஒருக்கா வாசிச்சுச் சொல்லு குஞ்சு" எண்டவா. இடையில் கையை விட்டு நான் வாங்கினன். மகள் சைக்கிளை எடுத்துக்கொண்டு வெளியில் ஓடினாள்.