சிறு தொகை வழக்கிலும் சட்டம் சட்டம்தானே?

மாண்புமிகு ஒன்றிய சட்டம், நீதித் துறை அமைச்சர் அவர்களுக்கு,

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 102ஆம் பிரிவைப் பற்றி எழுதுகிறேன். பணம் வசூலிக்கத் தொடுத்த வழக்கில் தொகை 25,000 ரூபாயைத் தாண்டாவிட்டால் இரண்டாம் மேல்முறையீடு கிடையாது என்கிறது அந்தப் பிரிவு. முன்சீப் கோர்ட்டில் ஒரு தீர்ப்பு, அதன்மேல் ஓர் அப்பீல், அத்தோடு சரி.

புரோநோட்டுக் கடன், வாடகை பாக்கி, வேலை செய்த கூலி ஆகியவை இந்தத் தொகைக்குள் அடங்கும் வழக்குகள். புரோநோட்டின் பின்பக்கம் எழுதிக் கையெழுத்திட்ட வரவு காலவரம்பை நீட்டுமா என்ற கேள்வியை இரண்டு நீதிமன்றங்களும் தவறாக முடிவு செய்தாலும், 24,000 ரூபாய் கொடுத்தவர் உயர் நீதிமன்றத்தில் அப்பீல் போக முடியாது. அதே கேள்வியோடு 26,000 ரூபாய் கொடுத்தவர் போகலாம். 2,000 ரூபாய் மதிப்பிட்ட நிலத் தகராறுகூடப் போகலாம். சட்டக் கேள்வி ஒன்றாக இருக்க, வாசல் மட்டும் ஏன் வேறாகிறது?

உச்ச நீதிமன்றத்துக்கும் ஒருகாலத்தில் இப்படியொரு அளவுகோல் இருந்தது. அரசியலமைப்பின் 133ஆம் பிரிவில், 20,000 ரூபாய் பெறுமான வழக்கு என்பது மேல்முறையீட்டுக்கான வழிகளில் ஒன்று. 1972இன் 30ஆம் திருத்தம் அதை எடுத்துவிட்டது. பொது முக்கியத்துவம் உள்ள சட்டக் கேள்வி இருக்கிறதா என்பதே இப்போது அங்கே சோதனை.

உயர் நீதிமன்றங்களில் வழக்குகள் மலைபோல் குவியும் என்று அதிகாரிகள் சொல்லக்கூடும். அதற்குத்தான் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 100ஆம் பிரிவு இருக்கிறது. கணிசமான சட்டக் கேள்வி இல்லாத இரண்டாம் மேல்முறையீடு 1976 திருத்தத்துக்குப் பிறகு அங்கேயே நின்றுவிடும். அரசியலமைப்பின் 227ஆம் பிரிவு இருக்கிறதே என்றும் சொல்வார்கள். அது மேற்பார்வை அதிகாரம், கட்சிக்காரரின் மேல்முறையீட்டு உரிமை அல்ல.

எந்த வழக்கு முன்சீப் கோர்ட்டுக்கு, எது சார்பு நீதிமன்றத்துக்கு என்று தொகையை வைத்துப் பிரிப்பதை நான் குறை சொல்லவில்லை. முதல் அப்பீல் மாவட்டத் தலைநகரிலேயே முடிந்தால் ஏழைக்குப் பஸ் செலவும் வக்கீல் செலவும் மிச்சம். எங்கே போவது என்பதைத் தொகை தீர்மானிக்கட்டும். போகவே கூடாது என்பதையும் அதுவே தீர்மானிப்பதுதான் தவறு.

2002இல் நடைமுறைக்கு வந்த இந்த 25,000, விலைவாசிக்கேற்ப உயரவில்லை. லட்சமாக்கலாம் என்று உங்களிடம் யோசனை வரலாம். தயவுசெய்து ஏற்காதீர்கள். அது இன்னும் பல சிறு கடன்காரர்களையும் கூலிக்காரர்களையும் வெளியே நிறுத்தும்.

102ஆம் பிரிவை நீக்குங்கள். அது இயலாதென்றால், 96(4)ஆம் பிரிவைப் பாருங்கள். 10,000 ரூபாய்க்கு உட்பட்ட சிறு வழக்கின் முதல் மேல்முறையீட்டில்கூட சட்டக் கேள்விக்கு அது இடம் விட்டிருக்கிறது. அந்த விதிவிலக்கை 102இலும் சேர்க்கும் மசோதாவை அடுத்த கூட்டத்தொடரிலேயே கொண்டுவாருங்கள்.

இப்படிக்கு,
தாலுகா நீதிமன்ற வழக்கறிஞர் ஒருவர்