கல்லூரிச் சண்டை கோர்ட்டுக்குப் போனால் மாணவனுக்காகப் பேசுவது யார்?

கோடியக்கரையில் மீன் பிடிப்பவரும், பக்கத்து உப்பளத்தில் பாடுபடுபவரும் பிள்ளையைக் கல்லூரியில் சேர்க்க வெளியூருக்குத்தான் அனுப்ப வேண்டும். கடன் வாங்கிப் பணம் கட்டுகிறார்கள். பஸ் ஏற்றி விடுகிறார்கள். அந்தக் கல்லூரி நிர்வாகத்தில் தகராறு வந்து, வழக்கு கோர்ட்டுக்குப் போய்விட்டால் என்ன ஆகும்?

வழக்குப் போட்டவர் ஒரு தர்மகர்த்தா. எதிர்த்து நிற்பவர் இன்னொரு தர்மகர்த்தா. இருவருக்கும் வக்கீல் உண்டு. பரீட்சை நடக்குமா என்று தவிக்கும் மாணவனுக்கு? சம்பளம் வருமா என்று ஏங்கும் ஆசிரியருக்கு? அவர்கள் பெயரே வழக்கில் இல்லை!

தீர்ப்பின் பாரத்தைச் சுமக்கப் போகிறவர் தம் கட்சியைச் சொல்ல வேண்டாமா?

பச்சையப்பர் உயில்

இந்தக் கேள்விக்கும் தஞ்சைச் சீமைக்கும் பழைய தொடர்பு உண்டு. வள்ளல் பச்சையப்ப முதலியார் 1794-ம் ஆண்டு கும்பகோணத்தில் உயில் எழுதினார். அதே ஆண்டு திருவையாற்றில் காலமானார். சொத்தைத் தர்மத்துக்கு விட்டுச் சென்றார். ஆனால் தர்மம் நடக்கவில்லை, வழக்குத்தான் நடந்தது!

இறந்தவர் எழுந்து வந்து சாட்சி சொல்ல முடியாது. பலன் பெற வேண்டிய ஏழைகளுக்கு வக்கீல் வைக்க வழியில்லை. அவர்கள் சார்பில் சர்க்காரின் அட்வகேட் ஜெனரல், அன்று சென்னையில் இருந்த சுப்ரீம் கோர்ட்டில் வாதாடினார். 1832-ல் தர்மத்துக்கு விடிவு பிறந்தது. மிஞ்சிய பணத்தைக் கொண்டு 1842-ல் பள்ளிக்கூடம் திறக்கப்பட்டது. அதுவே வளர்ந்து பச்சையப்பன் கல்லூரி ஆயிற்று.

அந்த அறக்கட்டளையின் வழக்குகள் இந்தக் காலத்திலும் ஓயவில்லை. 2022 நவம்பரில் சென்னை ஐகோர்ட்டு நீதிபதி ஒருவர், அதன் கல்லூரிகளில் 254 உதவிப் பேராசிரியர்களின் நியமனம் செல்லாது என்று தீர்ப்பளித்தார். அப்பீலும் போடப்பட்டது. கல்லூரி வழக்கு ஒன்று எத்தனை குடும்பங்களைத் தொடுகிறது, பாருங்கள்!

ஆதாமின் கதை

இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் 1718-ல் பென்ட்லி என்ற பெரும் புலவரின் பட்டங்களைப் பறித்தது. அவர் ஒரு கல்லூரியின் தலைவர். 'என்னை விசாரிக்காமலே தண்டித்தார்கள்' என்று அவர் வழக்காடினார். பட்டங்களைத் திருப்பிக் கொடுக்கும்படி கோர்ட்டு உத்தரவிட்டது. ஏதேன் தோட்டத்தில் தவறு செய்த ஆதாமைக்கூடக் கடவுள் கூப்பிட்டுக் கேட்ட பிறகுதான் தண்டித்தார் என்று ஒரு நீதிபதி எடுத்துக் காட்டினார்.

நம் சுப்ரீம் கோர்ட்டும் இதே வழியில் நடந்திருக்கிறது. உத்தரப்பிரதேச ஆசிரியர்கள் பலருடைய வேலை, அவர்கள் சேர்க்கப்படாத ஒரு வழக்கின் தீர்ப்பால் பறிபோக இருந்தது. 1984-ல் பிரபோத் வர்மா வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு சொன்னது: பாதிக்கப்படுகிறவர்களைச் சேர்க்காமல் இப்படித் தீர்ப்பளிக்கக் கூடாது. ஆட்கள் அதிகம் என்றால், எல்லோருக்கும் பிரதிநிதியாகச் சிலரையாவது சேர்க்க வேண்டும்.

கதவு எங்கே இருக்கிறது?

சிவில் நடைமுறைச் சட்டத்தின் 92-வது பிரிவு ஒரு கதவு. பொது அறக்கட்டளை நடத்தும் கல்லூரியில் கணக்கு சரியில்லை என்றால், அதில் அக்கறை உள்ள இரண்டு பேர் சேர்ந்து, கோர்ட்டின் அனுமதி பெற்று வழக்குத் தொடரலாம். அட்வகேட் ஜெனரலும் தொடரலாம். தவறு செய்த தர்மகர்த்தாவை நீக்கவும், கணக்குக் கேட்கவும் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு.

இப்படிப்பட்ட வழக்கு, பெயர் போட்ட இருவருக்கு மட்டும் சொந்தமல்ல. வெங்கடராயலு நாயுடு தர்ம வழக்கில் 1989-ல் சுப்ரீம் கோர்ட்டு இதைத் தெளிவாக்கியது. தர்மச் சொத்தை விற்றதை எதிர்த்தவர்களை, 'நீங்கள் வழக்கில் கட்சி இல்லையே' என்று கீழ்க் கோர்ட்டுகள் திருப்பி அனுப்பின. தர்மத்தில் அக்கறை உள்ள எல்லோருக்குமாக நடக்கும் வழக்கு இது. ஆகையால் அவர்களும் கேட்கலாம் என்றது சுப்ரீம் கோர்ட்டு.

ஏற்கெனவே நடக்கும் வழக்கில், 'எங்களையும் சேருங்கள்' என்று மனுக் கொடுக்கவும் வழி உண்டு. சேர்ப்பதா, வேண்டாமா என்பதை நீதிபதி முடிவு செய்வார். அறக்கட்டளையாக இல்லாமல் சங்கமாகப் பதிவான கல்லூரி என்றால், 1975-ம் ஆண்டின் தமிழ்நாடு சங்கப் பதிவுச் சட்டத்தைப் பார்க்க வேண்டும்.

ஆயிரம் பேரும் பேசினால்?

'ஆளாளுக்குப் பேச வந்தால் வழக்கு எப்போது முடியும்?' என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். பச்சையப்பர் தர்மத்துக்கு விடிவு பிறக்க 38 ஆண்டுகள் ஆயின. ஒரு மாணவன் கல்லூரியில் இருப்பதோ மூன்றே ஆண்டு!

அதற்காகத்தான் பிரதிநிதி முறை இருக்கிறது. ஆயிரம் மாணவர்களுக்கு ஆயிரம் வக்கீல் வேண்டாம். பொறுப்புள்ள சிலர் எல்லோருக்குமாகப் பேசினால் போதும். பெற்றோரும் ஆசிரியரும் கூடிப் பேசி, பொதுவாக ஒரு வக்கீலை வைத்துக் கொண்டால் செலவும் குறையும், காலமும் மிஞ்சும்.

பேச இடம் கிடைத்தால் ஜெயித்துவிடலாம் என்று அர்த்தம் அல்ல. தோற்கவும் நேரலாம். ஆனால் கேட்டுவிட்டுச் சொன்ன தீர்ப்பைத் தோற்றவனும் மதிப்பான். கேளாமல் சொன்ன தீர்ப்பு எவ்வளவு சரியானதாக இருந்தாலும் மனத்தில் முள்ளாகவே தைக்கும்.