பழைய மோட்டார் வண்டியும் புதிய ஆய்வுக் கருவியும்

மோட்டார் வண்டிகளைப் பழுது பார்க்கும் தொழிலில் ஸ்கேனர் என்னும் ஆய்வுக் கருவி இன்று பரவலாகப் புழங்கி வருகிறது. ஒரு காலத்தில் வண்டி உற்பத்தியாளரின் பணிமனைகளில் மட்டும் காணப்பட்ட இச்சாதனம், இப்பொழுது உள்ளங்கையில் அடங்கும் சிறு பெட்டியாகி, கைப்பேசியுடன் சேர்ந்து இயங்குவதாய், சிற்றூர்ப் பட்டறைகளையும் எட்டிவிட்டது. இது வரவேற்கத் தக்க முன்னேற்றமே. எனினும், இக்கருவியைப் பழைய வண்டியில் இணைக்கும்போது எழும் சிக்கல்களை நாம் போதிய அளவு கருத்திற் கொள்ளவில்லை என்றே கூற வேண்டியிருக்கிறது. கருவி வாய் திறவாத இடத்தில் வண்டியின் கணிப்பொறி கெட்டுவிட்டது என்று முடிவு கட்டுவதும், கருவி ஒரு குறியெண்ணைக் காட்டிய இடத்தில் அதிற் பெயர் வரும் உறுப்பை உடனே மாற்றிவிடுவதும் வழக்கமாகி வருகின்றன. இவ்விரு பழக்கங்களாலும் நட்டமடைபவர் வண்டியின் உரிமையாளர். பழைய வண்டியொன்றை வாங்கி, வாடகைக்கு ஓட்டியோ சிறு வாணிபம் நடத்தியோ பிழைப்பவருக்கு இந்த நட்டம் சிறிதன்று.

ஸ்கேனரை இணைக்குமுன் மூன்று வினாக்களுக்கு விடை காண வேண்டும். இவ்வண்டிக்குப் பேசும் ஆற்றல் உண்டா? உண்டெனில் எம்மொழியில் பேசும்? அது கூறுவதன் பொருள் யாது? இம்மூன்றையும் கேட்கப் பழகாத மாணவனிடம் ஸ்கேனரைக் கொடுப்பது பயிற்சியாகாது என்பது நம் கருத்து.

வண்டிக்குப் பேசும் ஆற்றல் உண்டா?

ஸ்கேனர் என்ஜினை நேராக ஆராய்வதில்லை. என்ஜினைக் கட்டுப்படுத்தும் கணிப்பொறி ஒன்று வண்டியில் இருக்கிறது. சென்சார்கள் எனப்படும் உணர்கருவிகள் வெப்பநிலை, காற்றின் அளவு, சுழற்சி வேகம் முதலியவற்றை மின்னழுத்தமாக மாற்றி அக்கணிப்பொறிக்கு அனுப்புகின்றன. அதன் நினைவில் உள்ளவற்றைக் கேட்டுத் திரையில் காட்டுவது மட்டுமே ஸ்கேனரின் வேலை. ஆகவே, கணிப்பொறியே இல்லாத வண்டியில் ஸ்கேனருக்கு வேலை இல்லை. கார்புரேட்டர் பொருத்திய பழைய அம்பாசிடரும், 1983-இல் வெளிவந்த மாருதி 800-இன் தொடக்க காலத்து வண்டிகளும், முற்றிலும் இயந்திர முறையில் இயங்கும் எரிபொருள் பம்புடைய பழைய டீசல் ஜீப்புகளும் இவ்வகையைச் சேர்ந்தவை. இவற்றிற்குக் காதும் கண்ணும் அனுபவமுமே ஸ்கேனர்.

வண்டி தன் கோளாற்றைத் தானே கண்காணிக்க வேண்டும் என்னும் விதி புகை மாசைக் குறைக்கும் பொருட்டு எழுந்தது. அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலம் 1988-ஆம் ஆண்டு வண்டிகளிலிருந்து இதன் முதற் கட்டத்தை நடைமுறைக்குக் கொண்டு வந்தது. ஓ.பி.டி. 2 எனப்படும் இரண்டாம் கட்டம் 1996-ஆம் ஆண்டு வண்டிகள் முதல் அந்நாடு முழுமைக்கும் கட்டாயமாயிற்று. ஐரோப்பாவில் பெட்ரோல் கார்களுக்கு 2001-இல் இத்தகைய விதி வந்தது.

நம் நாட்டின் வரலாறு வேறு. பாரத் ஸ்டேஜ் 4 என்னும் புகை நெறி 2010 ஏப்ரலில் தில்லி, மும்பை, கல்கத்தா, சென்னை உள்ளிட்ட 13 நகரப் பகுதிகளில் தொடங்கியபோது, அந்நெறிக்கு உட்பட்ட கார்களுக்கு ஓ.பி.டி. முதற் கட்டம் விதிக்கப்பட்டது. இரண்டாம் கட்டம் 2013 ஏப்ரலில் வந்தது. முதற் கட்டம் பெரும்பாலும் புகையோடு தொடர்புடைய மின்சுற்றுகள் அறுபடாமல் இருக்கின்றனவா என்று பார்ப்பதோடு நின்றுவிடும். இரண்டாம் கட்டமோ புகையைத் தூய்மையாக்கும் கேட்டலிட்டிக் கன்வர்ட்டர், ஆக்ஸிஜன் சென்சார், எரியாமல் தவறும் சிலிண்டர் ஆகியவற்றின் செயல்திறனையும் கண்காணிக்கும்.

இங்கு ஒரு நுட்பம் உண்டு. பாரத் ஸ்டேஜ் 4 நாடு முழுவதும் கட்டாயமானது 2017 ஏப்ரலில்தான். இடைப்பட்ட ஏழாண்டுகளில் ஏனைய பகுதிகளில் பாரத் ஸ்டேஜ் 3 வண்டிகளும் விற்பனையாயின. ஆகவே 2014-ஆம் ஆண்டு வண்டி என்ற ஒரே காரணத்தால் அது ஓ.பி.டி. வண்டியாகத்தான் இருக்கும் என்று கொள்ளலாகாது. ஆண்டோடு எந்தப் புகை நெறிக்கு உட்பட்டது என்பதையும் பதிவுச் சான்றிதழில் பார்த்தறிதல் வேண்டும்.

செருகுவாய் ஒன்று, மொழி பல

பட்டறைகளில் மிகுந்த குழப்பத்தை விளைவிப்பது, பேசும் ஆற்றல் பெற்றும் பொது மொழி அறியாத வண்டிகளே. நம் நாட்டில் 2000-க்குச் சற்று முன்னும் பின்னும் பெட்ரோல் கார்கள் கார்புரேட்டரை விட்டு, கணிப்பொறியால் ஆளப்படும் எரிபொருள் தெளிப்பு முறைக்கு மாறின. அன்று முதல் ஓ.பி.டி. விதி வரும் வரையில் விற்பனையான வண்டிகளில் கணிப்பொறி உண்டு. ஆயினும் அது பொது மொழி பேச வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. ஒவ்வோர் உற்பத்தியாளரும் தத்தம் மொழியையே வைத்துக்கொண்டனர்.

வெளிநாட்டு வண்டிகளில் செருகுவாய்களே வெவ்வேறாக இருந்தன. பி.எம்.டபிள்யூ. வண்டிகளில் 20 முனைகளும், மெர்சிடிஸில் 38 முனைகளும் கொண்ட வட்ட வடிவச் செருகுவாய்கள் என்ஜின் அறையில் இருந்தன. இவற்றுக்கு இணைப்புக் கம்பி வாங்கிப் பொருத்துகின்றனர். ஆனால் இணைப்புக் கம்பி முனைகளைத்தான் பொருத்தும், மொழியை மாற்றாது. இன்றைய 16 முனைச் செருகுவாயே அமைந்திருந்தும், உள்ளே உற்பத்தியாளரின் சொந்த மொழியே ஓடும் வண்டிகளும் பல உண்டு. செருகி பொருந்திவிட்டது என்பதால் உரையாடல் நடந்துவிடும் என்று எண்ணுவது, தொலைபேசி இணைப்புக் கிடைத்ததும் மறுமுனையில் இருப்பவர் நம் மொழி அறிந்தவர் என்று எண்ணுவதை ஒக்கும்.

இச்செருகுவாயின் அமைப்பை ஆசிரியர்கள் கரும்பலகையில் வரைந்து காட்டலாம். 16-ஆம் முனை பாட்டரியின் நேர்முனை. 4-ஆம், 5-ஆம் முனைகள் எர்த். 7-ஆம், 15-ஆம் முனைகள் பழைய தொடர் இணைப்புக்கு உரியவை. 6-ஆம், 14-ஆம் முனைகள் பின்னர் வந்த கேன் என்னும் இணைப்புக்கு உரியவை. செருகுவாயினுள் எந்த முனைகளில் உலோகத் தகடு இருக்கிறது என்று கண்ணால் பார்த்தாலே, அவ்வண்டி எவ்வகை இணைப்பை நாடுகிறது என்பதை ஓரளவு ஊகிக்கலாம்.

பழைய தொடர் இணைப்பில் செய்தி ஒரு விநாடிக்கு 10,400 பிட் வேகத்தில் செல்கிறது. கார்களின் கேன் இணைப்பில் பொதுவாக 5,00,000 பிட் வேகத்தில் செல்கிறது. மேலும், பழைய இணைப்பில் ஒருவகைத் தொடக்க முறையில் கணிப்பொறியை விழிக்கச் செய்யும் முதல் அழைப்பு, விநாடிக்கு 5 பிட் என்ற நிதானத்தில் அனுப்பப்படுகிறது. அந்த அழைப்புக்கு மட்டுமே ஏறக்குறைய இரண்டு விநாடி ஆகும். பதில் வரவில்லை என்று பொறுமையிழந்து கருவியைப் பிடுங்குவோர் இதை அறிதல் நலம். மலிவான கருவிகள் சில, உறையில் எல்லா மொழிகளும் அறியும் என்று அச்சிடப்பட்டிருந்தும், பழைய மொழிகளில் தடுமாறுவதுண்டு. அக்குறை வண்டியினுடையதன்று.

கருவியில் விளக்கே எரியவில்லையாயின், முதலில் 16-ஆம் முனைக்கும் 4-ஆம் முனைக்கும் இடையே மல்டிமீட்டரை வைத்துப் பார்க்க வேண்டும். பாட்டரியின் மின்னழுத்தமாகிய ஏறத்தாழ 12 வோல்ட் கிடைக்காவிடில் பியூஸ் போயிருக்கலாம். பல வண்டிகளில் சிகரெட் லைட்டருக்கு உரிய பியூஸே இச்செருகுவாய்க்கும் மின்சாரம் தருகிறது. ஒரு பியூஸின் பொருட்டு ஒரு கணிப்பொறியைக் குற்றவாளியாக்குவது அறிவுடைமையாகாது.

குறியெண் ஒரு சாட்சியம்

கருவி பேசிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். பி 0171 என்னும் குறியெண் திரையில் தோன்றுகிறது. கலவையில் எரிபொருள் குறைந்து காற்று மிகுந்துள்ளது என்பது இதன் பொருள். இதைக் கணிப்பொறிக்குத் தெரிவித்தது புகைக் குழாயில் உள்ள ஆக்ஸிஜன் சென்சார் ஆதலால், அந்த சென்சாரைக் கழற்றி எறிந்துவிட்டுப் புதியது பொருத்துவோர் பலர். புதிய சென்சாரும் சில நாட்களில் அதே குறியெண்ணைக் காட்டும். ஏனெனில் பழைய சென்சார் உண்மையையே கூறியது.

பழைய வண்டியில் ரப்பர்க் குழாய்கள் வெப்பத்தால் காய்ந்து வெடிக்கின்றன. அவ்வெடிப்பின் வழியே கணக்கில் வராத காற்று என்ஜினுக்குள் புகுகிறது. புகையில் ஆக்ஸிஜன் மிகுகிறது. சென்சார் அதை அறிவிக்க, கணிப்பொறி எரிபொருளைக் கூட்டிக்கொண்டே போகிறது. ஓர் எல்லையைத் தாண்டியதும் குறியெண்ணைப் பதிவு செய்கிறது. எரிபொருள் பம்பு நலிந்திருந்தாலும், சென்சாருக்கு முன்னே புகைக் குழாயில் ஓட்டை இருந்தாலும் இதே குறியெண் வரலாம். சில ரூபாய்க் குழாயில் தீர வேண்டிய கோளாறு, பல ஆயிரம் ரூபாய்ச் செலவாக முடிவது இவ்வாறுதான். வழக்கமான ஆக்ஸிஜன் சென்சார், காற்று மிகுந்தால் 0.1 வோல்ட் அளவிலும், எரிபொருள் மிகுந்தால் 0.9 வோல்ட் அளவிலும் மின்னழுத்தம் தரும். அது அசைகிறதா என்று பார்த்தாலே சென்சார் உயிருடன் இருப்பது விளங்கிவிடும்.

மற்றோர் எடுத்துக்காட்டு. மே மாத வெயிலில், என்ஜின் கொதித்துக்கொண்டிருக்கையில், குளிர்நீரின் வெப்பநிலை மைனஸ் 40 டிகிரி என்று திரை காட்டுகிறது. இதைக் கண்டு கருவி பழுது என்று சிரிப்பவர் உண்டு. பொது மொழியில் இவ்வெப்பநிலை 0 முதல் 255 வரையுள்ள எண்ணாக வருகிறது. அதிலிருந்து 40-ஐக் கழித்தால் கிடைப்பது டிகிரி செல்சியஸ். வந்த எண் சுழியம் என்பதே மைனஸ் 40-இன் பொருள். சென்சார் குளிரக் குளிர மின்தடை மிகும் வகையினது; கம்பி அறுந்தால் மின்தடை எல்லையற்றதாகிறது; கணிப்பொறி அதைக் கடுங்குளிர் என்று கொள்கிறது. ஆகவே அறுந்த கம்பியையோ கழன்ற இணைப்பையோ தேட வேண்டும். கழித்தற் கணக்கும் ஓம் விதியும் அறிந்த மாணவன் இவ்விடத்தில் திகைக்க மாட்டான்.

பயிற்சியின் வரிசை

இதனாலேயே, மல்டிமீட்டரைச் செம்மையாகக் கையாளத் தெரிந்த பின்னரே ஸ்கேனரைக் கற்பிக்க வேண்டும் என வற்புறுத்துகிறோம். ஸ்கேனரில் தொடங்குவது காலத்தை மிச்சப்படுத்தும் என்பர் சிலர். புதிய வண்டிகளைப் பொறுத்தவரை இதில் ஓரளவு உண்மை உண்டு. ஆனால் ஸ்கேனர் வாயடைத்து நிற்கும் வண்டி முன் நிற்கும்போது, அதை மட்டுமே கற்றவனும் வாயடைத்து நிற்பான். அளக்கக் கற்றவன் அங்கும் வேலையைத் தொடர்வான்.

பழைய வண்டிகள் எப்படியும் ஒழிந்துவிடும், அவற்றின் பொருட்டு ஏன் இம்முயற்சி என்று கேட்பாரும் உளர். 15 ஆண்டு கடந்த அரசு வண்டிகளின் பதிவு 2023 ஏப்ரல் முதல் புதுப்பிக்கப்படுவதில்லை என்பது உண்மையே. தனியார் கார்களோ, தலைநகர்ப் பகுதி போன்ற சில இடங்கள் நீங்கலாக, தகுதிச் சோதனையில் தேறிப் பதிவைப் புதுப்பித்துக்கொண்டு தொடர்ந்து ஓடலாம். ஓடும் வண்டி செம்மையாக ஓடினால்தான் ஊரின் காற்றும் தூய்மை பெறும். தவிர, இன்றைய புதிய வண்டியும் ஒரு நாள் பழைய வண்டியாகும்.

செய்ய வேண்டுவன

அழிப்புக்குச் செல்லும் வண்டிகளின் என்ஜின், கணிப்பொறி, வயரிங் தொகுதி ஆகியவற்றைத் தொழிற்பயிற்சி நிலையங்களுக்கு அளிக்க வழி செய்தல் வேண்டும். ஒரு கம்பியை வேண்டுமென்றே கழற்றிவிட்டு, விளைவைத் திரையிலும் மீட்டரிலும் ஒருங்கே காணும் மாணவன் மறக்க மாட்டான். ஓ.பி.டி. விதிக்கு முன் நம் நாட்டில் விற்பனையான வண்டிகளின் செருகுவாய் அமைப்பையும் குறியெண் பட்டியலையும் உற்பத்தியாளர்கள் வெளியிட வேண்டும். அவை இந்திய மொழிகள் அனைத்திலும் அச்சாக வேண்டும். இவ்வறிவு சில பணிமனைகளின் பூட்டிய அலமாரிகளில் முடங்கிக் கிடப்பதால் யாருக்கும் ஆதாயமில்லை.

அலுவலக வண்டிகளின் பழுதுச் செலவுக்கு ஒப்புதல் அளிக்கும் கள ஊழியர்கள், சென்சார் மாற்றியதாக வரும் ரசீதில் மூன்று செய்திகளைக் கேட்டுப் பெறலாம்: அழிக்குமுன் எழுதி வைத்த குறியெண், மாற்றுமுன் எடுத்த அளவு, மாற்றியபின் எடுத்த அளவு. குறியெண்ணை முதலில் அழித்துவிட்டுப் பின்னர் ஆராய்வது, கோளாறு தோன்றிய கணத்தில் கணிப்பொறி குறித்து வைத்த விவரங்களையும் சேர்த்து அழிப்பதாகும். செருகுவாயின் முனைகளைத் துண்டுக் கம்பியால் இணைத்து விளக்கின் மினுக்கலை எண்ணும் பழைய முறையை, அவ்வண்டிக்குரிய கையேடு இன்றி எவரும் முயலலாகாது. தவறான முனைகளை இணைத்தால் கணிப்பொறியே கருகக் கூடும். அதுபோலவே, கணிப்பொறியின் கம்பிகளைச் சோதனை விளக்கால் தொடாமல் டிஜிட்டல் மல்டிமீட்டரால் அளப்பதே பாதுகாப்பானது.

கருவிகள் ஆண்டுக்கு ஆண்டு மாறும். இன்று வாங்கும் ஸ்கேனர் பத்தாண்டுகளில் தானே பழம்பொருளாகிவிடும். காண்பது, அளப்பது, அளந்ததைக் காரணத்தோடு பொருத்துவது என்னும் முறையோ மாறுவதில்லை. அம்முறையை நம் பயிற்சிக் கூடங்களில் முதற் பாடமாக வைத்தால், கருவி எதுவாயினும் நம் இளைஞர் அதற்கு அடிமையாகாமல் அதை ஆளுவர். வரும் பயிற்சியாண்டிலேயே அந்த வரிசையில் பாடத்தைத் தொடங்குவது ஆசிரியர்களின் கையில் இருக்கிறது.