வீட்டு வாசலும் கடை வாசலும்

2025 ஜனவரியில் நியூயார்க்கில் ஒரு வீட்டுக்கு கேட் போட அனுமதி கிடைத்தது. அவ்வளவுதான் செய்தி. ஆனால் பல நாட்டுப் பத்திரிகைகள் அதைப் போட்டன. பெர்ரி தெரு, 66ஆம் எண் வீடு. 'செக்ஸ் அண்ட் த சிட்டி' தொடர் பார்த்தவர்களுக்கு அந்த வாசல்படி நன்றாகத் தெரியும். 1998 முதல் 2004 வரை ஓடிய அந்தத் தொடரில் கதாநாயகி கேரி பிராட்ஷாவின் வீட்டு வாசல் என்று காட்டப்பட்ட படிகள் அவை. கதைப்படி கேரியின் வீடு அப்பர் ஈஸ்ட் சைடில் இருக்கிறது. படிகள் இருப்பதோ சில மைல் தள்ளி, வெஸ்ட் வில்லேஜில். இதைப் பற்றி ரசிகர்கள் யாரும் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை.

கவலைப்பட்டவர் வீட்டின் சொந்தக்காரர்தான். 1970களின் கடைசியிலிருந்து அங்கே வசிப்பவர். ஷூட்டிங்குக்கு இடம் தேடி வந்த இளைஞனைப் பார்த்துப் பாவப்பட்டு சம்மதித்தாராம். சீரியல் முடிந்தால் கூட்டமும் போய்விடும் என்று நினைத்தார். போகவில்லை. படிக்குக் குறுக்கே சங்கிலி கட்டினார். ஏறாதீர்கள் என்று போர்டு வைத்தார். நகரத்தின் பழங்கட்டடப் பாதுகாப்பு ஆணையத்துக்கு அவர் எழுதிய கடிதத்தைப் படித்தால் பாவமாக இருக்கிறது. ராத்திரியில் ஃபிளாஷ் போட்டுப் படம் எடுக்கிறார்கள், சங்கிலியைத் தாண்டி ஏறிப் படியில் ஆடுகிறார்கள், படுத்துக்கொள்கிறார்கள், ஜன்னல் வழியாக உள்ளே எட்டிப் பார்க்கிறார்கள், கதவைத் திறக்க முயல்கிறார்கள், குடித்துவிட்டு வந்து காலிங் பெல் அடிக்கிறார்கள். அந்தப் பகுதி 1969லிருந்து பாதுகாக்கப்பட்ட பழம்பகுதி என்பதால் ஒரு கேட் வைக்கக்கூட ஆணையத்திடம் போய் நிற்கவேண்டும். சீரியல் முடிந்து இருபது வருஷம் கழித்துத்தான் அந்த கேட்டுக்கு அனுமதி வந்தது.

இந்த மாதிரி இடங்களை பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு போய்க் காட்டுவது நியூயார்க்கில் ஒரு தொழில். டிக்கெட் வாங்கினால் இரண்டு மூன்று மணி நேரம் கைடு மைக்கில் பேசிக்கொண்டே வருவார். இது ஃப்ரெண்ட்ஸ் வீடு, இது காஸ்பி வீடு, இது சைன்ஃபெல்ட் ஹோட்டல். இறங்கிப் படம் எடுத்துக்கொள்ளுங்கள், ஐந்து நிமிஷம். இதில் தப்பே இல்லை என்கிற கட்சி ஒன்று, ஊரையே கெடுக்கிறது என்கிற கட்சி ஒன்று. இரண்டு பேரும் முக்கியமான ஒரு வித்தியாசத்தைப் பார்ப்பதில்லை. கடை வாசலில் பஸ் நிற்பது வேறு, வீட்டு வாசலில் நிற்பது வேறு.

அதற்குமுன் இன்னொரு விஷயம். காட்டப்படும் இடங்களில் பாதிக்கு மேல் 'ஷூட்டிங் நடந்த இடம்' என்றே சொல்லமுடியாது. 'ஃப்ரெண்ட்ஸ்' பத்து சீசன் ஓடியது. கிட்டத்தட்ட எல்லாம் கலிஃபோர்னியாவில், பர்பாங்கில் இருக்கிற வார்னர் பிரதர்ஸ் ஸ்டுடியோவில் எடுத்தது. ஆரம்பப் பாட்டில் ஆறு பேரும் ஆட்டம் போடுகிற நீரூற்றுகூட அந்த கம்பெனி இடத்தில்தான் இருந்தது. நியூயார்க்கில் இருப்பது பெட்ஃபோர்ட் தெரு 90ஆம் எண் கட்டடத்தின் வெளிப்புறம் மட்டும். சீனுக்கும் சீனுக்கும் நடுவே சில விநாடி வரும், அவ்வளவுதான். 'சைன்ஃபெல்ட்' இன்னும் வேடிக்கை. ஜெர்ரியின் வீடு கதைப்படி மேற்கு 81ஆம் தெருவில் இருக்கிறது. வெளிப்புறமாகக் காட்டிய கட்டடம் லாஸ் ஏஞ்சல்ஸில்! காஸ்பி குடும்பம் கதையில் புரூக்ளினில் வாழ்ந்தது, வீட்டின் முகப்பு மட்டும் மன்ஹாட்டனில் கிரீனிச் வில்லேஜில். அதாவது பஸ்ஸில் போகிறவர்கள் பார்ப்பது பெரும்பாலும் சுவர்கள். அந்தச் சுவர்களுக்குப் பின்னால் எந்த நடிகரும் வசனம் பேசியதில்லை. அங்கே இருப்பது சமைத்துக்கொண்டும் துணி மடித்துக்கொண்டும் இருக்கிற, சீரியலுக்குச் சம்பந்தமே இல்லாத குடும்பங்கள்.

நிஜமாகவே நியூயார்க்கில் எடுத்த பழைய காமெடி ஒன்று உண்டு. 'தி ஹனிமூனர்ஸ்'. 1955-56ல் வந்த 39 எபிசோடுகள் அமெரிக்க டிவி காமெடிக்கே பாட்டன் மாதிரி. ஜாக்கி கிளீசன், ரால்ஃப் கிராம்டென் என்கிற பஸ் டிரைவராக வருவார். கையில் காசு நிற்காது, வாயில் பெரிய பெரிய திட்டம், மனைவி ஆலிஸிடம் ஒரு வாய்ச்சண்டை, கடைசியில் சமாதானம். மேற்கு 54ஆம் தெருவில் இருந்த அடெல்ஃபி தியேட்டரில், நிஜமான ஜனங்கள் எதிரே உட்கார்ந்து சிரிக்க, எடுத்தார்கள். அந்த தியேட்டரை 1970ல் இடித்துவிட்டார்கள். ஆக, எடுத்த இடம் இல்லை, எடுக்காத இடத்துக்கு பஸ் போகிறது. சிரிப்பதா அழுவதா தெரியவில்லை.

சரி, எல்லாமே பொய் என்றால் டூரே வேண்டாமா? அப்படிச் சொல்வது அவசரம். பிராட்வேயும் 112ஆம் தெருவும் சேரும் முனையில் டாம்ஸ் ரெஸ்டாரண்ட் இருக்கிறது. 'சைன்ஃபெல்ட்' தொடரில் நாலு பேரும் உட்கார்ந்து வெட்டிப்பேச்சு பேசும் மாங்க்ஸ் ஹோட்டலின் வெளிப்புறம் இதுதான். 'டாம்ஸ்' என்கிற வார்த்தை விழாமல் 'ரெஸ்டாரண்ட்' என்கிற பாதி போர்டை மட்டும் காட்டுவார்கள். உள்ளே ஷூட்டிங் நடக்கவில்லை. ஆனாலும் அங்கே பஸ் நிற்பதை யாரும் குறை சொல்லமுடியாது. அது சாப்பாட்டுக் கடை. ஆள் வந்தால் வியாபாரம். சுவரில் சைன்ஃபெல்ட் படங்களை மாட்டி வைத்ததே கடைக்காரர்கள்தான்.

அதைவிட முக்கியம், அந்த முனைக்கு சீரியல் இல்லாமலே கதை இருக்கிறது. பக்கத்தில் இருக்கும் பர்னார்ட் கல்லூரியில் படித்த சூசன் வேகா என்கிற பாடகி அங்கே காபி குடிக்கப் போவார். 'டாம்ஸ் டைனர்' என்ற பாட்டு அங்கிருந்துதான் வந்தது. 1987ல் ஆல்பமாக வந்த அந்தப் பாட்டில் வாத்தியம் எதுவும் கிடையாது, குரல் மட்டும். ஜெர்மனியில் கார்ல்ஹைன்ஸ் பிராண்டன்பர்க் என்ற எஞ்சினியர் எம்பி3 முறையை உருவாக்கிக்கொண்டிருந்தபோது, வெறும் குரலை அமுக்கிச் சின்னதாக்கினால் கெட்டுப்போகிறதா என்று பார்க்க இந்தப் பாட்டைத்தான் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டார். ஒரு தலைமுறையே ராத்திரி ராத்திரியாக டவுன்லோட் செய்து கேட்ட எம்பி3க்கும் அந்த ஹோட்டலுக்கும் அப்படி ஒரு சம்பந்தம். இன்னும் இருக்கிறது. அதே கட்டடத்தின் மாடியில் நாசாவின் கோடார்ட் விண்வெளி ஆராய்ச்சி நிலையம் பல பத்தாண்டுகள் இயங்கியது. 1988ல் அமெரிக்க செனட் முன்னால் பூமி சூடாகிக்கொண்டிருக்கிறது என்று சாட்சி சொன்ன ஜேம்ஸ் ஹான்சன் அந்த நிலையத்தின் தலைவர். 2025ல் நாசா அந்தக் கட்டடத்துக் குத்தகையை முடித்துக்கொண்டது. கீழே ஒன்றுமில்லாததைப் பற்றி நாலு பேர் பேசுவதாகக் காட்டிய டிவி காமெடி, மேலே உலகத்தின் காய்ச்சலை அளக்கும் விஞ்ஞானிகள்! ஒரு கைடுக்கு இதைவிட என்ன வேண்டும்? படம் எடுக்க ஐந்து நிமிஷம் கொடுப்பதற்குப் பதில் இதைச் சொல்ல ஐந்து நிமிஷம் எடுத்துக்கொண்டால் டிக்கெட் காசு செரிக்கும்.

டூர் என்பதை ஒழுங்காக நடத்தமுடியும் என்பதற்கு இன்னொரு உதாரணம் கென்னி கிராமர். 'சைன்ஃபெல்ட்' தொடரை உருவாக்கியவர்களில் ஒருவரான லாரி டேவிட், மேற்கு 43ஆம் தெருவில் மன்ஹாட்டன் பிளாசா என்கிற குடியிருப்பில் இருந்தபோது எதிர்வீட்டுக்காரர் இவர். கிராமர் என்கிற பாத்திரம் இவரை வைத்து எழுதியது. பெயரைப் பயன்படுத்தும் விஷயம் முடிவாகாததால் முதல் எபிசோடில் அந்தப் பாத்திரத்துக்கு கெஸ்லர் என்று பெயர் வைத்தார்கள். 1996ல் நிஜ கிராமர் தானே ஒரு டூர் ஆரம்பித்தார். அடுத்த வருஷமே சீரியலில் அதைக் கிண்டல் செய்து ஒரு எபிசோடு வந்தது. சீரியல் கிராமர் தன் வாழ்க்கைக் கதைகளை பீட்டர்மேன் என்கிறவருக்கு விற்றுவிடுவான், பிறகு அந்தக் கதைகளின் நிஜ ஆள் நான்தான் என்று தானே பஸ் டூர் நடத்துவான். நிஜத்தைப் பார்த்து சீரியல், சீரியலைப் பார்த்து டூர், டூரைப் பார்த்து மறுபடி சீரியல். தலை சுற்றும். ஆனால் இதில் கவனிக்கவேண்டியது, காட்டப்படும் ஆளே காட்டுகிறவர். எதைச் சொல்லலாம், எதைச் சொல்லக்கூடாது, எவ்வளவு வாங்கலாம் எல்லாம் அவர் கையில்.

கடைக்காரர் என்றாலே சம்மதம் என்றும் எடுத்துக்கொள்ளக்கூடாது. 55ஆம் தெருவில் சூப் விற்ற அலி யெகானேயை வைத்து 1995ல் ஒரு எபிசோடு எழுதினார்கள். அதில் வைத்த பட்டப்பெயர் அவருக்குப் பிடிக்கவே இல்லை. கூட்டம் வந்தது, புகழ் வந்தது, மனிதருக்குக் கோபமும் போகவில்லை. சூப் வாங்கப் போகிறவர் அந்தப் பெயரைச் சொல்லாமல் சூப் மட்டும் வாங்கிக்கொண்டு வருவதுதான் மரியாதை.

இதற்கு எதிராக இரண்டு நியாயங்கள் சொல்வார்கள். முதலாவது, தெரு பொது, யாரும் நிற்கலாம். நிற்கலாம்தான். ஒரு ரசிகை தனியாக நடந்து வந்து, தூரத்தில் நின்று ஒரு படம் எடுத்துக்கொண்டு போனால் யாருக்கும் தூக்கம் கெடாது. ஐம்பது பேரை ஒரே நேரத்தில் இறக்கிவிட்டு அதற்குக் காசு வாங்குவது அந்தப் பொதுத் தெருவை வாடகையில்லாத கடையாக்குவது. இரண்டாவது, ஷூட்டிங்குக்கு இடம் கொடுத்தார்கள் அல்லவா, அனுபவிக்கட்டும். கொடுத்தது ஷூட்டிங் நாட்களுக்கு. ஆயுளுக்கு அல்ல. தவிர, பக்கத்து வீட்டுக்காரர் எதிலும் கையெழுத்துப் போடவில்லையே. அவருக்கு என்ன பதில்?

இன்று போனில் மேப்பைப் பார்த்து வருகிறவர்கள் ஏராளம், டூர் கம்பெனிகளை மட்டும் திட்டி என்ன பயன் என்றும் கேட்கலாம். உண்மைதான், பெர்ரி தெருவில் நள்ளிரவில் பெல் அடித்தவன் எந்த பஸ்ஸிலும் வந்திருக்கமாட்டான். ஆனால் அவனிடம் பேசமுடியாது. கம்பெனியிடம் பேசலாம். எந்தத் தெருவில் நிற்பது, எங்கே ஜன்னல் வழியாகக் கைகாட்டிவிட்டுப் போய்க்கொண்டே இருப்பது என்று தீர்மானிக்கிறவர் ஒரு கைடு. அவர் செய்வதைப் பார்த்துத்தான் மற்றவர்களுக்கும் பழக்கம் வரும்.

வீட்டு வாசலே கூடாது என்று அடித்துச் சொல்லும்போது ஒரே ஒரு சம்பவம் இடிக்கிறது. 2023 அக்டோபர் 28ல் 'ஃப்ரெண்ட்ஸ்' நடிகர் மேத்யூ பெர்ரி லாஸ் ஏஞ்சல்ஸில் இறந்துபோனார். அடுத்த நாளே பெட்ஃபோர்ட் தெரு 90ஆம் எண் முனையில் ஜனங்கள் பூ வைக்க ஆரம்பித்துவிட்டார்கள். பூங்கொத்து, கடிதம், மெழுகுவர்த்தி. அந்தக் கட்டடத்துக்குள் அவர் சாண்ட்லராக ஒரு நாளும் நடித்ததில்லை. வந்தவர்களில் பலருக்கும் அது தெரிந்தேதான் இருந்திருக்கும். வேறு எங்கே போவது? ஸ்டுடியோ மதிலுக்கா? பத்து வருஷம் தங்களைச் சிரிக்கவைத்தவனுக்கு அழ ஒரு இடம் வேண்டியிருந்தது, டிவி காட்டிக்கொடுத்த இடம் அது ஒன்றுதான். அந்த முனையில் கீழ்த்தளம் சாப்பாட்டுக் கடை, மேலே வீடுகள். வந்தவர்கள் தெருமுனையோடு நின்றார்கள், பூவை வைத்தார்கள், போனார்கள். அவர்களைப் போய் யார் குறை சொல்வார்கள்?

டூர் நடத்துகிறவர்களுக்கு அந்தத் தெருமுனையைவிட நல்ல இடங்கள் நிறையவே மிச்சம் இருக்கின்றன. ரால்ஃப் கிராம்டெனின் கதை வீட்டு விலாசமான சான்சி தெரு 328, கிளீசன் சின்னப்பையனாக வளர்ந்த நிஜ விலாசம். அது இன்றும் ஜனங்கள் குடியிருக்கும் புரூக்ளின் தெரு, அங்கே பஸ் போகவேண்டியதில்லை. புரூக்ளினிலேயே சன்செட் பார்க் பகுதியில் ஒரு நிஜ பஸ் டிப்போவுக்கு 1988ல் ஜாக்கி கிளீசன் டிப்போ என்று பெயர் வைத்தார்கள். டிவியில் பஸ் டிரைவராக நடித்தவர் பெயரில் நிஜ டிரைவர்கள் டியூட்டிக்கு வந்து போகிற இடம். அதன் வாசலில் ஒரு டூர் பஸ் வந்து நின்றால் அது யார் தூக்கத்தையும் கெடுக்காது. உள்ளேயிருந்து வருகிற டிரைவர் ஒருவேளை ஹார்ன் அடித்து ஒதுங்கச் சொல்வார், அதுவும் ரால்ஃப் மாதிரியே கத்திக்கொண்டு.