அறுவை முடிந்த பின் ஊரின் முறை

கண் ஆபரேஷன் செய்துகொண்டு வீடு திரும்புகிறவர் கையில் ஒரு கறுப்புக் கண்ணாடி, சொட்டு மருந்துப் புட்டிகள், ஒரு சீட்டு இருக்கும். சேலத்தில் செய்தாலும் புதுச்சேரியில் செய்தாலும் சென்னையில் செய்தாலும் அந்தச் சீட்டில் ஒரு வரி தவறாமல் இருக்கும்: கண்ணில் தண்ணீர் படக் கூடாது. கள்ளக்குறிச்சி நகரில் குளியலறையும் குழாயும் உள்ள வீட்டில் அந்த வரியைக் கடைப்பிடிப்பது கொஞ்சம் சிரமம், அவ்வளவுதான். கல்வராயன் மலையில் இன்னாட்டுக்கோ சேராப்பட்டுக்கோ அப்பால் ஒரு சிற்றூரில் ஓடையிலிருந்து குடம் சுமக்கும் பெண்ணுக்கு அது அன்றாட வாழ்க்கையையே நிறுத்திவைக்கச் சொல்லும் வரி. இருவருக்கும் ஒரே சீட்டைக் கொடுக்கிறோம். மீறினால் வரும் கேட்டையும் அவர்கள் தலையிலேயே கட்டுகிறோம். இந்த ஏற்பாடு மாற வேண்டும்.

தண்ணீருக்கு ஏன் இத்தனை அச்சம் என்று கேட்பவர்கள் உண்டு. குடிக்கிற தண்ணீர்தானே, கண்ணில் பட்டால் என்ன? குடிக்கும் நீரில் உள்ள கிருமிகளில் பெரும்பகுதியை இரைப்பையின் அமிலம் கொன்றுவிடும். அறுபட்ட கண்ணுக்கு அப்படி ஒரு காவல் இல்லை. கிணறு, குளம், மாடித் தொட்டி, குழாய் என ஈரம் உள்ள எல்லா இடத்திலும் வாழக்கூடியது சூடோமோனாஸ் என்ற பாக்டீரியா. கருவிழியில் அது இறங்கினால் ஓரிரு நாளிலேயே புண் ஆழமாகிவிடும். அகாந்தமீபா என்ற ஒற்றைச்செல் உயிரி மண்ணிலும் நீரிலும் இருக்கும். குளோரின் கலந்த நீரிலும் கூடு கட்டிக்கொண்டு பிழைத்துக் கிடக்கும். அது உண்டாக்கும் கருவிழிப் புண் ஆற மாதக்கணக்கில் மருந்து விட வேண்டிவரும்.

கண்புரை அறுவையில் போடும் வெட்டு சிறியது. இலவசக் கண் முகாம்களில் பெரும்பாலும் செய்யப்படும் கைமுறை அறுவையில் அது 6 மில்லிமீட்டர் அளவு. பேகோ என்ற கருவி முறையில் 3 மில்லிமீட்டருக்கும் குறைவு. இரண்டிலும் வழக்கமாகத் தையல் கிடையாது. கண்ணுக்குள் இருக்கும் அழுத்தம்தான் அந்த வெட்டின் வாயை மூடிவைக்கிறது. யாராவது கண்ணைக் கசக்கினால், முகத்தில் நீரை அடித்துக் கழுவித் துண்டால் அழுத்தித் துடைத்தால், அழுத்தம் ஏறி இறங்கும். இறங்கும் நொடியில் கண்ணின் மேல் நிற்கும் ஈரம் உள்ளே உறிஞ்சப்படலாம் என்பதைச் சாயம் விட்டுப் பார்த்த ஆய்வுகள் காட்டியிருக்கின்றன. தையல் இல்லாத ஆபரேஷன் என்று பெருமையாகச் சொல்கிறோம். அந்தத் தையலின் வேலையை முதல் சில வாரங்களுக்கு நோயாளியின் வீடும் சுற்றமும்தான் செய்தாக வேண்டும்.

கண்ணாடியைக் கழற்றுவதற்காக இளைஞர்கள் செய்துகொள்ளும் லேசிக் லேசர் சிகிச்சையில் கதை வேறு. கருவிழியின் மொத்தத் தடிமனே அரை மில்லிமீட்டர்தான். அதன் மேற்பகுதியில் மெல்லிய ஏடு ஒன்றைப் புத்தக அட்டையைத் திறப்பதுபோலத் திறந்து, உள்ளே லேசரால் வளைவைச் சீர்செய்து, ஏட்டைத் திரும்ப மூடிவிடுவார்கள். இங்கும் தையல் இல்லை. ஓரங்களில் மேல்தோல் ஓரிரு நாளில் படர்ந்துவிடுகிறது. பார்வையும் மறுநாளே தெளிந்துவிடுகிறது. ஆபத்தே இந்தத் தெளிவில்தான். நன்றாகத் தெரிகிறதே, இனி என்ன என்று தோன்றும். ஏட்டின் அடியில் ஒட்டு உறுதிப்பட இன்னும் நெடுநாள் ஆகும். இடையில் கசக்கினால் மடிப்பு விழலாம், நகரலாம், அடியில் கிருமி தங்கலாம். குளத்திலும் ஆற்றிலும் இறங்குவதை இரண்டு முதல் நான்கு வாரம் தள்ளிப்போடச் சொல்வது இதனால்தான்.

இன்னொன்றையும் இங்கே சொல்லிவிட வேண்டும். நம் ஊர்களில் எந்தக் கண் சிகிச்சைக்குப் போனாலும் ‘லேசர் வைத்துவிட்டு வந்தேன்’ என்பார்கள். புரை அறுவைக்குப் பிறகு சில மாதமோ வருடமோ கழித்துப் பார்வை மங்கினால், லென்சின் பின்னுள்ள சவ்வை லேசரால் திறப்பார்கள். சர்க்கரை நோயாளிகளுக்கு விழித்திரையில் லேசர் வைப்பார்கள். இவற்றில் கண்ணின் மேல் வெட்டே இல்லை. தண்ணீருக்கு அஞ்சிக் குளிக்காமல் கிடக்கத் தேவையில்லை. தனக்கு நடந்தது எது என்று தெரியாமல் ஒருவர் ஒரு மாதம் தலைக்கு ஊற்றாமல் இருக்கிறார்; தெரியாமலேயே இன்னொருவர் மூன்றாம் நாள் ஆற்றில் முங்குகிறார். நடந்த சிகிச்சை என்ன, எத்தனை நாள் தண்ணீர் ஆகாது என்ற இரண்டையும் பெரிய தமிழ் எழுத்தில் எழுதி, உடன் வந்தவரிடம் வாய்விட்டுச் சொல்லி அனுப்புவது மருத்துவமனையின் முதல் கடமை.

மலைக்கு வருவோம். புரை அறுவை செய்துகொண்ட ஐம்பது, அறுபது வயதுப் பெண்தான் பல வீடுகளில் தண்ணீருக்கும் அடுப்புக்கும் பொறுப்பாளி. குடத்தைத் தலையில் ஏற்றினால் நடையின் ஆட்டத்தில் நீர் அலம்பி நெற்றியில் வழியும். நிரப்பக் குனிய வேண்டும், தூக்க முக்க வேண்டும். இவை இரண்டும் கண்ணின் அழுத்தத்தை ஏற்றும். சமவெளியில் நாற்று நடவுக்குப் போகிறவருக்குச் சேற்று நீர் முகத்தில் தெறிக்காத நாளே இல்லை. இவர்களிடம் “கண்ணில் தண்ணீர் படக் கூடாதும்மா” என்று சொன்னால் தலையாட்டுவார்கள். வீட்டில் குடத்தை எடுக்க வேறு ஆள் இல்லையென்றால் அந்தத் தலையாட்டலுக்கு என்ன மதிப்பு? மருமகளோ மகனோ பக்கத்து வீட்டுக்காரரோ இரண்டு வாரத்துக்கு அந்தக் குடத்தை எடுத்துக்கொண்டால்தான் சீட்டில் உள்ள வரிக்கு உயிர் வரும். மகன்கள் என்பதை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. தண்ணீர் எடுப்பது பெண் வேலை என்று ஒதுங்கி நிற்கும் ஆண்களின் வீட்டில் அம்மாவின் கண்தான் அதற்கு விலை.

குளிப்பாட்டுவதும் அப்படியே. கழுத்துக்குக் கீழே குளிக்கலாம். முகத்தை ஈரத்துணியைப் பிழிந்து, கண்ணைத் தவிர்த்துத் துடைக்கலாம். தலைமுடி தாங்கவில்லை என்றால் மருத்துவர் சொன்ன நாளுக்குப் பிறகு, நாற்காலியில் உட்கார்ந்து தலையைப் பின்னால் சாய்க்க, இன்னொருவர் பின்பக்கமாக ஊற்றிவிட வேண்டும். கண்ணைத் துடைக்கக் கொதிக்கவைத்து ஆறிய நீரில் நனைத்துப் பிழிந்த சுத்தமான பஞ்சு போதும். சொட்டு மருந்து விடுகிறவர் சோப்புப் போட்டுக் கை கழுவ வேண்டும். புட்டியின் முனை இமையில் படக் கூடாது. இவற்றில் எதையும் பார்வை மங்கிய முதியவர் தனியாகச் செய்துகொள்ள முடியாது.

பாசத்தோடு செய்யப்படும் சில கெடுதல்களும் உண்டு. ஆபரேஷன் சூடு தணிய என்று சனிக்கிழமை எண்ணெய் தேய்த்துவிடுவது, கண் சிவந்தால் நந்தியாவட்டைச் சாறு பிழிவது, தாய்ப்பால் விடுவது. பாட்டி வைத்தியத்தின் மேல் இந்த ஊருக்குள்ள மதிப்பைக் குறைத்துப் பேச நமக்கு மனமில்லை. ஆனால் அறுபட்ட கண்ணுக்குள் மருத்துவமனைச் சொட்டு மருந்தைத் தவிர எதுவும் போகக் கூடாது. இதைச் சொல்லும் குரல் வெள்ளை அங்கியிலிருந்து வருவதைவிட, ஊரில் ஏற்கெனவே ஆபரேஷன் செய்து நன்றாகப் பார்க்கும் ஒரு மூதாட்டியிடமிருந்து வந்தால் ஏறும். முகாம் நடத்துகிறவர்கள் அவரை முன்வரிசையில் உட்காரவைக்க வேண்டும்.

இளைஞர்களின் பொறுப்பு வேறு வகை. லேசிக் செய்த நண்பனை முதல் ஞாயிற்றுக்கிழமையே மேகம் அருவிக்கோ பெரியார் அருவிக்கோ கூட்டிப்போய், ‘கண்ணாடி இல்லாம குதிடா’ என்று இழுப்பதை அன்பு என்று நினைக்கிறோம். அருவி நீர் விழும் வேகம் ஒன்றே போதும், ஆறாத ஏட்டை அசைக்க. அதில் கலந்துவரும் மண்ணையும் இலைச்சருகையும் தனியே சொல்ல வேண்டியதில்லை. கோமுகி அணைப் பக்கம் வாய்க்காலில் இறங்குவதும் இதில் சேரும்.

இத்தனையும் சொன்ன பிறகு, குற்றத்தை நோயாளியின் மீதும் வீட்டின் மீதும் தள்ளிவிட்டு மருத்துவ உலகம் ஒதுங்கிக்கொள்ளக் கள்ளக்குறிச்சி மாவட்டத்தின் அனுபவம் இடம் கொடுக்காது. 2008 ஜூலையில், அப்போது விழுப்புரம் மாவட்டத்தில் இருந்த கடுவனூரில் இலவசக் கண் முகாம் நடந்தது. அங்கிருந்து பெரம்பலூருக்கு அழைத்துச் செல்லப்பட்டுப் புரை அறுவை செய்துகொண்டவர்களில் 60-க்கும் மேற்பட்டோர் பார்வையை இழந்தார்கள். அத்தனை பேரும் வீட்டுக்கு வந்து ஒரே மாதிரித் தவறு செய்திருக்க முடியாது. அன்று கண்ணை இழந்தவர்கள் கூலி வேலை செய்து பிழைத்தவர்கள். முகாம் வண்டியை நம்பி ஏறியவர்கள். இன்றும் இந்தப் பக்கத்துக் கிராமங்களில் ஆபரேஷன் என்றால் தயங்குகிறவர்களைக் கண்டால், அந்தத் தயக்கத்தை அறியாமை என்று ஒதுக்கிவிடாதீர்கள்.

அறுவை அரங்கின் சுத்தத்தை மருத்துவமனைகள் எவ்வளவு உயர்த்த முடியும் என்பதற்கும் தமிழ்நாட்டிலேயே சான்று இருக்கிறது. 1976-ல் டாக்டர் கோ. வெங்கடசாமி 11 படுக்கைகளோடு மதுரையில் தொடங்கிய அரவிந்த் கண் மருத்துவமனை, அறுவை முடியும் தறுவாயில் கண்ணுக்குள் மாக்ஸிஃப்ளாக்சசின் என்ற கிருமிக்கொல்லியைச் செலுத்தும் முறையைப் பின்பற்றி, சுமார் 20 லட்சம் புரை அறுவைகளின் கணக்கை வெளியிட்டது. கண்ணுக்குள் கிருமித்தொற்று 10,000 பேரில் ஏழு என்ற அளவிலிருந்து இரண்டுக்கு இறங்கியிருந்தது. மருத்துவமனை தன் பங்கைச் சரியாகச் செய்தால் இந்த அளவுக்குக் காக்க முடிகிறது. அதன் பிறகு வீட்டில் நேரும் ஒரு கைப்பிழைக்கு அந்தக் கண்ணைப் பறிகொடுப்பது எவ்வளவு பெரிய இழப்பு!

அரசின் பங்குக்கு வருவோம். கள்ளக்குறிச்சி 2019 நவம்பரில் தனி மாவட்டமானது. சிறுவங்கூரில் அரசு மருத்துவக் கல்லூரியும் வந்துவிட்டது. ஆனால் மலைமேல் பல குக்கிராமங்களிலிருந்து அங்கே வந்து சேர்வது இன்னமும் ஒரு நாள் வேலை. 2024-ல் சென்னை உயர் நீதிமன்றம் கல்வராயன் மலையின் சாலை, அடிப்படை வசதிக் குறைகளைத் தானாக முன்வந்து விசாரணைக்கு எடுத்தது. கண் விஷயத்தில் சாலை என்பது மணிக்கணக்கு. அறுவைக்குப் பின் வரும் கொடிய தொற்று பெரும்பாலும் முதல் வாரத்திலேயே முகம் காட்டும்: வலி கூடும், கண் சிவக்கும், நேற்றுத் தெரிந்த முகம் இன்று மங்கும். அப்போது அன்றைக்கே மருத்துவமனை சேர்ந்தால் பார்வையைக் காப்பாற்றும் வாய்ப்பு உண்டு. ‘நாளைக்குக் காலைப் பேருந்தில் போகலாம்’ என்றால் அந்த வாய்ப்பு கைநழுவிப் போகலாம். கண் ஆபரேஷன் செய்தவருக்கு முதல் வாரத்தில் வலி வந்தால் பிரசவ வலிக்கு ஓடுவதுபோலவே ஓட வேண்டும் என்பதை மலை ஊராட்சிகள் எல்லோருக்கும் சொல்லிவைக்க வேண்டும்.

2021 முதல் மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தின் பெண் தன்னார்வலர்கள் ரத்த அழுத்த, சர்க்கரை மாத்திரைகளோடு வீடு வீடாகப் போகிறார்கள். கண் அறுவை செய்தவர்களின் பட்டியலை மருத்துவமனை அவர்களிடம் கொடுத்தால், மூன்றாம் நாளும் ஏழாம் நாளும் வாசலில் நின்று ஒரு கேள்வி கேட்டுவிடலாம்: வலி இருக்கா, நேத்துக்கு இன்னிக்குப் பார்வை எப்படி? நூறு நாள் வேலையில் ஏரி தூர்வாரும் இடத்தில் கறுப்புக் கண்ணாடியோடு யாராவது வந்து நின்றால், பணித்தளப் பொறுப்பாளர் அவரைச் சேற்றில் இறக்காமல் குடிநீர் கொடுக்கும் வேலையிலோ குழந்தைகளைப் பார்க்கும் வேலையிலோ வைக்கலாம். புதிதாகப் பணம் கேட்கும் யோசனைகள் இல்லை இவை.

பணம் கேட்கும் யோசனை ஒன்று இருக்கிறது. முகாம் வண்டி ஆட்களை ஏற்றிப் போகும். அறுவை முடிந்ததும் கொண்டுவந்து இறக்கும். அதன் பிறகு மறுபரிசோதனைக்கு அவரவர் சொந்தச் செலவில் வர வேண்டும் என்றால், ஒரு நாள் கூலியையும் பேருந்துக் காசையும் எண்ணிப் பார்த்துப் பலர் வராமலே விட்டுவிடுவார்கள். வெள்ளிமலையிலோ கரியாலூரிலோ முகாம் நாளைக் குறிக்கும் அன்றே, ஏழாம் நாள் வண்டிக்கும் நாள் குறிக்க வேண்டும். அந்த வண்டியின் டீசலை மாவட்ட நிர்வாகம் தருமா, முகாமை நடத்தும் சங்கம் தருமா, ஊராட்சி தருமா என்பதை முதல் ஆளை வண்டியில் ஏற்றுவதற்கு முன்பே பேசி எழுதிவைத்துக்கொள்ள வேண்டும்.